கர்தினாலுக்குப் பிடிக்காத ஜன்னல்

2007 ஆகஸ்ட் 25 அன்று ஜெர்மனியின் கொலோன் பேராலயத்தில் ஒரு ஜன்னலுக்குத் திறப்பு விழா நடந்தது. ஜன்னலுக்கு எதற்கு விழா என்று கேட்கத் தோன்றும். சிலுவை வடிவில் கட்டப்பட்ட அந்த ஆலயத்தின் தெற்குக் கையில், ஏழு மாடி உயரத்துக்கு எழுந்து நிற்கும் ஜன்னல் அது. பரப்பு நூறு சதுர மீட்டருக்கும் மேல். கொலோன் பேராயரான கர்தினால் யோவாக்கிம் மெய்ஸ்னர் விழாவுக்கு வரவில்லை. சில நாள் கழித்து உள்ளூர் நாளிதழ் ஒன்று கேட்டபோது, இந்த ஜன்னல் பேராலயத்துக்குப் பொருந்தாது, மசூதிக்கோ வேறேதாவது தொழுகைக் கூடத்துக்கோ பொருந்தலாம் என்றார்.

அப்படி என்னதான் இருந்தது அதில்? எதுவும் இல்லை என்பதுதான் சிக்கல். இயேசு இல்லை, மரியாள் இல்லை, புனிதர் இல்லை, சிலுவை இல்லை, ஓர் ஆட்டுக்குட்டிகூட இல்லை. உள்ளங்கை அகலச் சதுரக் கண்ணாடிகள் மட்டும், 11,000-க்கும் மேல். நிறங்கள் 72. எந்த நிறத்துக்குப் பக்கத்தில் எந்த நிறம் என்பதைப் பெரும்பாலும் முடிவு செய்தது கணினியின் குலுக்கல். பழைய டிவியில் சிக்னல் போனதுபோல இருக்கிறது என்று ஒருவர் சொன்னால் மறுப்பது கடினம். ஆனால் தெற்குப் பார்த்த ஜன்னல் என்பதால் வெயில் நாளில் உச்சிப்பொழுதுக்கு அந்த நிறங்கள் கண்ணாடியில் நிற்பதில்லை. தரையில் இறங்கி, தூணில் ஏறி, நடந்துபோகிறவர்களின் சட்டையில் ஒட்டிக்கொண்டு நகர்கின்றன. மனிதர் யாரும் வரைந்திராத ஓர் உருவம் கல்லின்மேல் ஊர்ந்து போகிறது.

இதைச் செய்தவர் கெர்ஹார்ட் ரிக்டர். 1932-ல் டிரெஸ்டனில் பிறந்தவர். உயிரோடு இருக்கும்போதே உச்ச விலை பெற்ற ஓவியர்களில் ஒருவர். அவருடைய அருவ ஓவியம் ஒன்று 2015-ல் லண்டன் ஏலத்தில் 3 கோடி பவுண்டுக்கு மேல் போனது. புராட்டஸ்டண்ட் வீட்டில் வளர்ந்து, பிறகு சபையை விட்டு விலகியவர். கத்தோலிக்கப் பேராலயத்துக்கு, நம்பிக்கையில்லாத புராட்டஸ்டண்ட் மரபினர் ஒருவர், உருவமில்லாத ஜன்னலை, குலுக்கல் முறையில் செய்து தருகிறார். கர்தினாலின் எரிச்சலைப் புரிந்துகொள்ளலாம். அந்த எரிச்சலுக்குள் ஒரு நல்ல கேள்வியும் இருக்கிறது: யாரும் நினைத்துச் செய்யாத ஒன்று கடவுளைப் பற்றி ஏதாவது சொல்ல முடியுமா?

ஜன்னலின் முன்கதை போரில் தொடங்குகிறது. அந்த இடத்தில் இருந்த 19-ஆம் நூற்றாண்டுக் கண்ணாடி இரண்டாம் உலகப் போரில் நொறுங்கியது. போருக்குப்பின் வெளிர்நிறக் கண்ணாடி வைத்து ஒப்பேற்றினார்கள். அதன் வழியே வந்த வெயில் உள்ளே இருந்தவர்களின் கண்ணைக் கூசவைத்தது. பேராலயத்தின் கட்டடப் பொறுப்பாளராக இருந்த பார்பரா ஷாக்-வெர்னர், அந்தப் பதவிக்கு வந்த முதல் பெண், இதை மாற்ற முனைந்தார். ஆலயத்தை நிர்வகிக்கும் குருக்கள் குழுவின் விருப்பம் தெளிவாக இருந்தது. 20-ஆம் நூற்றாண்டின் மறைசாட்சிகளின் உருவங்கள் வேண்டும். நாஜிகளால் கொல்லப்பட்ட மாக்ஸிமிலியன் கோல்பே, எடித் ஸ்டெய்ன் போன்றோர்.

எடித் ஸ்டெய்ன் கொலோனுக்கு அந்நியர் அல்லர். யூதக் குடும்பத்தில் பிறந்து, ஹுஸ்ஸேர்லிடம் தத்துவம் படித்து, கத்தோலிக்கராகி, 1933-ல் கொலோன் கார்மேல் மடத்தில் சேர்ந்தவர். 1942 ஆகஸ்டில் ஆஷ்விட்ஸ்-பிர்கெனாவில் நச்சுவாயுவுக்குப் பலியானார். 1998-ல் புனிதராக உயர்த்தப்பட்டார். அவர் முகம் அந்த ஜன்னலில் வந்திருந்தால் யாரும் ஒரு சொல் பேசியிருக்க மாட்டார்கள்.

ஜன்னல் பணி வந்துசேர்ந்தபோது, உருவங்களோடு செய்யவே ரிக்டர் முயன்றார். நாஜிகள் ஆட்களைச் சுட்டுக் கொல்லும் புகைப்படங்களை எடுத்து வைத்துக்கொண்டு பார்த்தார். அவற்றை வண்ணக் கண்ணாடியில் வரைந்தால் என்ன ஆகும்? மூன்று மணி வெயிலில் கொலைக்களம் மாணிக்கமும் மரகதமுமாக மின்னும். கீழே சுற்றுலாப் பயணிகள் கேமராவைத் தூக்குவார்கள். கொடுமையை அழகாக்காமல் கண்ணாடியில் வரைய வழி கிடைக்கவில்லை. விட்டுவிடலாம் என்ற நிலைக்கு வந்தபோது, தாம் 1974-ல் வரைந்த ‘4096 நிறங்கள்’ ஓவியத்தின் அச்சுப்படம் ஒன்று கையில் பட்டது. ஜன்னலின் கல் சட்ட வடிவத்தை அதன்மேல் வைத்துப் பார்த்தார். பொருந்தியது. அவரே திடுக்கிட்டுப் போனதாகப் பின்னாளில் சொல்லியிருக்கிறார்.

அந்த 1974 ஓவியத்தின் மூதாதை, பெயின்ட் கடை ஷேடு கார்டு. 1966-ல் டுசல்டார்ஃபில், கடையில் இலவசமாகக் கொடுக்கும் ஷேடு கார்டைப் பார்த்து அதையே பெரிதாக வரைந்தார் ரிக்டர். ஓவியம் என்றால் உணர்ச்சி, ஆன்மா, உள்ளக் கொந்தளிப்பு என்று அருவ ஓவியர்கள் பேசிக்கொண்டிருந்த காலம் அது. அவர்கள் முன்னால், விலைபோகாத சரக்குப்போல நிறங்களை வரிசையாக அடுக்கி வைத்தார். பிறகு அது கணக்காக வளர்ந்தது. அடிப்படை நிறங்களை நான்கு நான்காகப் பெருக்கிக்கொண்டே போனால் 4, 16, 64, 256, 1,024 நிறங்கள். ஒவ்வொன்றும் நான்கு தடவை. ஆக 64 வரிசை, 64 பத்தி, 4,096 சதுரம். எது எங்கே என்பது குலுக்கலுக்கு விடப்பட்டது.

பேராலயத்துக்கு வரும்போது 1,024 நிறங்கள் 72 ஆகக் குறைந்தன. ஆலயத்தின் பழைய ஜன்னல்களில் ஏற்கெனவே உள்ள நிறங்களோடு ஒத்துப்போகும்படி அவை தேர்ந்தெடுக்கப்பட்டன. டெரிக்ஸ் என்ற பழைய கண்ணாடிப் பட்டறை, வாயால் ஊதிச் செய்த கண்ணாடியை வெட்டியது. இடைக்கால ஜன்னலில் துண்டுகளைப் பிணைக்கும் கறுப்பு ஈயப் பட்டை இதில் கிடையாது. சதுரங்கள் பின்கண்ணாடியில் ஒட்டப்பட்டவை. ரிக்டர் கூலி வாங்கவில்லை. செலவான சுமார் 3,70,000 யூரோவை நன்கொடையாளர்கள் கொடுத்தார்கள்.

இனி அந்தக் குலுக்கல். உலகச் செய்திகளில் இது ‘கணினி தீர்மானித்த ஜன்னல்’ என்றே பரவியது. உண்மையில் கணினி தீர்மானித்தது பாதியைத்தான். ஜன்னலின் ஆறு செங்குத்துப் பட்டைகளில் மூன்றை மட்டும் குலுக்கல் நிரப்பியது. மற்ற மூன்றும் அவற்றின் கண்ணாடிப் பிம்பங்கள். முதலாவதற்கு மூன்றாவது, இரண்டாவதற்கு ஐந்தாவது, நான்காவதற்கு ஆறாவது. இது தெரியாமல் மணிக்கணக்கில் பார்த்தாலும் கண்ணுக்குப் பிடிபடாது. தெரிந்தபின் அந்தச் சிதறலுக்குள் ஓர் ஒழுங்கு ஒளிந்திருப்பது மனதை விட்டுப் போகாது. இன்னொன்றும் உண்டு. ஓரிடத்தில் சதுரங்கள் தற்செயலாகச் சேர்ந்து ‘1’ என்ற எண்ணைப்போலத் தெரிந்தன. ரிக்டர் அதை மாற்றினார். குலுக்கலை நம்புகிறவர், குலுக்கல் பேச ஆரம்பித்தவுடன் வாயைப் பொத்தினார்.

தமிழில் இதற்கு ஒரு சொல் இருக்கிறது: திருவுளச்சீட்டு. இரண்டு சீட்டில் எழுதி, சாமி முன் போட்டு, ஒரு குழந்தையை எடுக்கச் சொல்லி, வந்ததைக் கடவுள் சித்தமாக ஏற்பது. சிவப்பு, வெள்ளைப் பூவைப் பொட்டலம் கட்டிப் பார்ப்பதும் அதே வகை. தற்செயல் என்ற ஒன்றை மொழி ஒப்புக்கொள்ளவே இல்லை. யார் கையும் படாத இடத்தில் திருவுளம் வந்து உட்கார்ந்துவிடுகிறது. விழுந்த சீட்டு பிடிக்காவிட்டால் ‘மூன்று தடவை பார்க்கணும்’ என்று புதுச் சட்டம் போடுகிறவர்களையும் எல்லா ஊரிலும் பார்க்கலாம். ‘1’ஐத் திருத்திய ரிக்டர் அவர்களுக்குச் சொந்தக்காரர்.

கர்தினாலின் வேதநூலும் சீட்டை விலக்கவில்லை. யூதாஸ் விட்டுப்போன இடத்துக்கு மத்தியாவைத் திருத்தூதர்கள் தேர்ந்தது சீட்டுப் போட்டுத்தான். அதே வேதநூலில், சிலுவையின் அடியில் படைவீரர்கள் இயேசுவின் உடைக்காகச் சீட்டுப் போடுகிறார்கள். ஒரே செயல், ஓரிடத்தில் வழிபாடு, மற்றோரிடத்தில் சூதாட்டம். சீட்டு எதுவும் சொல்வதில்லை, போடுகிறவர்களின் மனநிலைதான் அதை ஆக்குகிறது என்று வாதிட இதைவிட நல்ல சான்று கிடையாது.

இந்த விவாதத்துக்கு கொலோனில் ஒரு பழைய வேரும் இருக்கிறது. 1248-ல் இந்தப் பேராலயத்துக்கு அடிக்கல் நாட்டினார்கள். அதே ஆண்டு டொமினிக்கன் துறவி ஆல்பர்ட் கொலோனுக்கு வந்து பள்ளி தொடங்கினார். அவரோடு வந்த மாணவர் தாமஸ் அக்வினாஸ். ஆலயத்தின் முதல் கற்கள் ஏறிய ஆண்டுகளில் பக்கத்துத் தெருக்களில் நடந்தவர். பின்னாளில் அவர் தற்செயலைப் பற்றி விரிவாக எழுதினார். தற்செயல் பொய்யல்ல, உண்மையாகவே உலகில் இருக்கிறது. கடவுளின் பராமரிப்பு அதை அழிப்பதில்லை, அதையும் உள்ளடக்கிக்கொள்கிறது என்பது அவர் நிலை. சீட்டுப் போடுவதையும் அவர் முற்றாகத் தள்ளவில்லை. எதற்காக, எந்த மனதோடு என்று பிரித்துப் பார்த்தார். அக்வினாஸ் வழியில் யோசித்தால், குலுக்கிய ஜன்னல் கடவுளுக்கு வெளியே போய்விடாது. கணினியைப் பற்றி அவர் என்ன சொல்லியிருப்பார் என்பது வேறு கதை.

ரிக்டர் ஏன் குலுக்கலிடம் போய்ச் சேர்ந்தார்? அவருடைய வாழ்க்கையைப் பார்த்தால் விடை பாதி கிடைக்கும்.

பள்ளி ஆசிரியரான அப்பா நாஜிக் கட்சி உறுப்பினர். மாமா ரூடி போருக்குப் போய் இறந்தார். சித்தி மரியன்னாவுக்கு மனநோய் என்று மருத்துவர்கள் முத்திரை குத்தினார்கள். கட்டாயக் கருத்தடை செய்து, 1945 பிப்ரவரியில் ஒரு மனநோய் விடுதியில் பட்டினியும் மருந்தும் கொடுத்துச் சாகவைத்தார்கள். இரண்டு பேரையும் 1965-ல் ரிக்டர் வரைந்தார். ராணுவச் சீருடையில் சிரிக்கும் மாமா. கைக்குழந்தையான ரிக்டரோடு இருக்கும் சித்தி. குடும்பப் புகைப்படத்தைப் பார்த்து அச்சு அசலாக வரைந்து, ஈரம் காயுமுன் தூரிகையால் இழுத்து மங்கலாக்கினார். பல ஆண்டுகளுக்குப் பிறகு ஒரு பத்திரிகையாளர் கண்டறிந்து எழுதினார்: ரிக்டரின் முதல் மனைவியின் தந்தை ஹைன்ரிஷ் ஓய்ஃபிங்கர், எஸ்.எஸ். அமைப்பைச் சேர்ந்த மருத்துவர். அத்தகைய கட்டாயக் கருத்தடைகளை நடத்தியவர். சித்தியும் மாமனாரும் ஒரே குடும்பத்தின் இரண்டு சுவர்களில்.

போர் முடிந்து டிரெஸ்டன் கிழக்கு ஜெர்மனிக்குள் போனது. கலைக்கல்லூரியில் சுவரோவியம் படித்த ரிக்டர், உழைப்பாளிகள் சிரித்தபடி உழைக்கும் படங்களை அரசுக்காக வரைந்தார். 1959-ல் மேற்கு ஜெர்மனியின் காசல் நகரக் கண்காட்சியில் அருவ ஓவியர்களான பொலாக், ஃபொன்டானா ஆகியோரின் படைப்புகளைப் பார்த்தார். 1961-ல், பெர்லின் சுவர் எழும்புவதற்குச் சில மாதம் முன்னால், மனைவியோடு மேற்கே தப்பினார். முப்பது வயதுக்குள் இரண்டு சித்தாந்தங்கள். இரண்டுக்கும் தெளிவான படங்கள் வேண்டியிருந்தன. மனிதன் இதுதான், எதிரி இவன்தான், வருங்காலம் இப்படித்தான் என்று சுவரில் வரைந்து காட்டச் சொன்னவை. நிச்சயத்தோடு வரைந்த எந்தப் படத்தின்மேலும் அவருக்குச் சந்தேகம் வந்ததில் வியப்பில்லை. 1980-க்குப் பிறகு வந்த புகழ்பெற்ற பெரிய அருவ ஓவியங்களில், தூரிகையைக்கூட நம்பாமல், ஆள் உயர அக்ரிலிக் பலகையில் வண்ணத்தைத் தடவிக் கித்தானின் குறுக்கே இழுத்தார். எங்கே படியும், எங்கே பிய்ந்து அடியில் உள்ளது தெரியும் என்பது இழுத்தபிறகுதான் தெரியும். பிடிக்காவிட்டால் மறுபடி இழுப்பார். நாள்கணக்காக, சில சமயம் மாதக்கணக்காக.

கர்தினால் மெய்ஸ்னரின் வாழ்க்கையை இதன் பக்கத்தில் வைத்தால் ஓர் ஆச்சரியம் காத்திருக்கிறது. அவர் ரிக்டரைவிட ஏறத்தாழ இரண்டு வயதுதான் இளையவர். 1933 கிறிஸ்துமஸ் அன்று பிரெஸ்லாவில் பிறந்தார். போர் முடிவில் அகதியாக வந்து கிழக்கு ஜெர்மனியில் வளர்ந்தார். அங்கேயே குருவாகி, 1980 முதல் பெர்லின் ஆயராகக் கம்யூனிஸ்ட் அரசின் கண்ணெதிரே சபையைக் காத்தவர். அதே இரண்டு ஆட்சிகள். படித்த பாடம் நேரெதிர். அரசின் படங்களை எதிர்த்து நிற்கத் தெளிவான இன்னொரு படம், சிலுவையும் முகமும் உள்ள படம், வேண்டும் என்பது மெய்ஸ்னர் கற்றது. தெளிவான படம் எதுவானாலும் எச்சரிக்கையாக இரு என்பது ரிக்டர் கற்றது. ஜன்னல் சண்டையை நம்பிக்கையாளருக்கும் நாத்திகருக்கும் நடந்த சண்டையாகச் சித்திரித்தவர்கள் இதைத் தவறவிட்டார்கள்.

மெய்ஸ்னர் பக்கத்து நியாயத்தை அலட்சியமாகத் தள்ளிவிட முடியாது. கடவுள் மனித உடலெடுத்தார் என்பது கிறிஸ்தவத்தின் மையம். உடலெடுத்தவரை வரையலாம் என்ற தர்க்கத்தில்தான் 787-ஆம் ஆண்டு நைசியா சங்கம் உருவங்களைக் காப்பாற்றியது. முகத்தை எடுத்துவிட்டால் அந்த மையத்தையே எடுத்ததாகிவிடாதா? வண்ணச் சதுரங்கள் எந்த மதத்துக்கும் பொருந்தும் என்றால், எந்த மதத்துக்கும் உரியவை அல்ல என்றும் ஆகிறது. புது ஜன்னல் வைத்தால் அது எங்கள் நம்பிக்கையைச் சொல்ல வேண்டும், ஏதோ ஒரு நம்பிக்கையை அல்ல என்பதுதான் அவர் வாதம். நேர்மையான வாதம்.

ஆனால் ‘மசூதி’ என்ற சொல்லை அவர் தேர்ந்த இடமும் நேரமும் நேர்மையானவை அல்ல. 2007-ல் கொலோனின் எரென்ஃபெல்ட் பகுதியில் பெரிய மசூதி கட்டும் திட்டத்தை ஒட்டி நகரமே கொதித்துக்கொண்டிருந்தது. அந்த மசூதியை வடிவமைத்தவர் பவுல் பூம். ஜெர்மனியில் எத்தனையோ கத்தோலிக்க ஆலயங்களைக் கட்டிய பூம் குடும்பத்தின் பிள்ளை. அந்தச் சூழ்நிலையில் ஒரு ஜன்னலை மசூதிக்கு அனுப்புவது கலை விமர்சனமாகக் கேட்காது. அடுத்த மாதமே அவர் இன்னும் ஒரு படி போனார். பேராயத்தின் புதிய அருங்காட்சியகமான கொலும்பாவின் திறப்பையொட்டி, இறைவழிபாட்டிலிருந்து துண்டிக்கப்பட்ட பண்பாடு சீரழிகிறது என்று பேசினார். அதற்கு அவர் பயன்படுத்திய ஜெர்மன் சொல், 1937-ல் நாஜிகள் நவீன ஓவியங்களைக் கேவலப்படுத்த நடத்திய கண்காட்சியின் பெயரில் இருந்த அதே சொல். சித்தியை நாஜி மருத்துவத்துக்குப் பறிகொடுத்தவர் நகரில் இருக்கும்போது. நாடு முழுக்கக் கண்டனம் எழுந்தது.

வரலாறும் அவர் பக்கம் முழுதாக இல்லை. கொலோனிலிருந்து சிறிது தூரத்தில், அவருடைய பேராயத்துக்குள்ளேயே, ஆல்டன்பெர்க் ஆலயம் இருக்கிறது. 13-ஆம் நூற்றாண்டில் சிஸ்டர்சியத் துறவிகள் கட்டத் தொடங்கியது. அவர்களுடைய விதி, ஜன்னல் வெண்கண்ணாடியாக இருக்க வேண்டும், படமோ சிலுவையோ கூடாது என்றது. அதனால் ஆல்டன்பெர்க்கின் பீடப்பகுதி ஜன்னல்களில் சாம்பல் நிறத்தில் இலையும் கொடியும்தான். உருவமற்ற ஒளியின் முன் கத்தோலிக்கத் துறவிகள் நூற்றாண்டுக்கணக்கில் ஜெபித்திருக்கிறார்கள். யாரும் அதை மசூதிக்கு அனுப்பவில்லை.

இந்த இடத்தில் நம்மூர் வாசகருக்குச் சிதம்பர ரகசியம் நினைவுக்கு வரலாம். அவசரப்பட வேண்டாம். அங்கே திரைக்குப் பின்னால் வெட்டவெளி. தங்க வில்வ இலை தொங்கி, இங்கே ஒன்று இருக்கிறது என்று சொல்கிறது. பூசை உண்டு, பார்க்கக் கற்றுக்கொடுக்கும் மரபு உண்டு. ரிக்டரின் ஜன்னலுக்கு அப்படி ஒரு வில்வம் கிடையாது. அருவத்தை உருவத்தோடு சேர்த்தே வைத்துக்கொண்ட ஒரு மரபும், உருவத்தைத் தேடித் தோற்றுப்போய் அருவத்துக்கு வந்த ஓர் ஓவியரும் ஒன்றல்ல.

தோற்றுப்போய் வந்தார் என்பதுதான் முக்கியம். ரிக்டர் முதலிலேயே ஷேடு கார்டை நீட்டியிருந்தால், இந்த ஜன்னல் வெறும் அலங்காரம் என்று சொல்லிவிடலாம். சுட்டுக்கொல்லப்பட்டவர்களின் படங்களை மேசையில் விரித்து, கையாலாகாமல் மூடியபிறகு வந்த சதுரங்கள் இவை. ஆனாலும் ஒரு நஷ்டம் நஷ்டம்தான். குருக்கள் குழு எடித் ஸ்டெய்னைக் கேட்டது. எடித் ஸ்டெய்ன் கிடைக்கவில்லை. எதையும் சொல்லாத ஜன்னல் யாரையும் சங்கடப்படுத்தாது. நாஜிகள் காலத்தில் நகரத்தின் தெருவிலிருந்து கூட்டிப்போகப்பட்டவர்களின் பெயர், வெயிலில் அழகாகக் கரைந்துபோகிறது. ஜன்னலை விரும்புகிறவர்கள் இதை ஒப்புக்கொள்ளத் தயங்குகிறார்கள்.

ரிக்டர் தயங்கவில்லை போலும். ஏழு ஆண்டு கழித்து அதே இடத்துக்குத் திரும்பிப் போனார்.

1944 ஆகஸ்டில், பிர்கெனாவில் பிணங்களை எரிக்கக் கட்டாயப்படுத்தப்பட்ட யூதக் கைதிகள் ரகசியமாக நான்கு புகைப்படங்கள் எடுத்தார்கள். திறந்தவெளியில் எரியும் உடல்கள் இரண்டில். ஒன்றில் உடை களையப்பட்டு ஓட்டிச்செல்லப்படும் பெண்கள். இன்னொன்றில் கேமரா கோணலாகி வெறும் மரக்கிளைகள். படச்சுருள் பற்பசைக் குழாயில் ஒளித்து வெளியே கடத்தப்பட்டது. ஸ்டெய்ன் இறந்த அதே முகாம். 2014-ல் ரிக்டர் அந்த நான்கையும் நான்கு பெரிய கித்தான்களில் வரையத் தொடங்கினார். முடியவில்லை. அவற்றின்மேலேயே வண்ணத்தை இழுத்தார். கறுப்பு, சாம்பல், இடையிடையே சிவப்பும் பச்சையும். படங்கள் அடியில் இருக்கின்றன, ஒரு கோடுகூடத் தெரியாது. ‘பிர்கெனாவ்’ என்று பெயரிட்டார். அவற்றை விற்பதில்லை என்று முடிவு செய்து, ஓர் அறக்கட்டளையிடம் ஒப்படைத்தார். இன்று அவை பெர்லினின் தேசியக் கலைக்கூடத்தின் பொறுப்பில் இருக்கின்றன.

பெயர்ப்பலகையை எடுத்துவிட்டால் இந்த ஓவியங்கள் ஒரு நட்சத்திர ஹோட்டல் வரவேற்பறையில் தொங்கலாமே என்று கேட்டவர்கள் உண்டு. கேட்க வேண்டிய கேள்விதான். ஆனால் ரிக்டர் ஒன்றை மறைக்கவில்லை: அந்த நான்கு புகைப்படங்களின் பிரதிகளும் ஓவியங்களோடு சேர்ந்தே தொங்குகின்றன. பார்க்கிறவர் புகைப்படத்தையும் பார்க்கலாம், அதை வரைய முடியாமல் போனதையும் பார்க்கலாம். கொலோன் ஜன்னலில் இல்லாத நேர்மை இதில் இருக்கிறது. தோல்வி இங்கே கண்ணுக்குத் தெரிகிறது. அங்கே கதையாகக் கேட்டால்தான் தெரியும்.

கடவுளை வரையக்கூடாது என்ற பழைய தடைக்கும், ஆஷ்விட்ஸை வரைய முடியாது என்ற புதிய தயக்கத்துக்கும் ஓர் உறவு இருப்பதுபோலத் தோன்றும். இரண்டும் ஒன்று என்று பேசுவது ஆபத்து. முன்னது வணக்கம். பின்னது வெட்கம். ஆனால் இரண்டின் முன்னாலும் ஒரே ஓவியர், ஒரே வகையில் கையைப் பின்னிழுத்திருக்கிறார். அவருடைய குறிப்பேடுகளில் நம்பிக்கை என்ற சொல் திரும்பத் திரும்ப வருகிறது. நம்புவதற்கு ஒரு பொருள் அவருக்குக் கிடைத்ததாகத் தெரியவில்லை. பக்தர் என்று அவரை இழுத்துக்கொள்ள ஆசைப்படும் கத்தோலிக்கர்களும், பகுத்தறிவாளர் என்று கொண்டாட ஆசைப்படும் மற்றவர்களும் இதில் ஏமாந்துதான் போவார்கள்.

கதைக்கு ஒரு பின்னுரை உண்டு. ஜெர்மனியின் மேற்கு ஓரத்தில் தோலை என்ற சிற்றூர். அங்குள்ள புனித மவுரிசியஸ் மடம் 634-ஆம் ஆண்டு ஆவணத்தில் பெயர் வரும் அளவுக்குப் பழையது. அதன் ஆலயத்தைப் புதுப்பித்தபோது, பீடத்துக்குப் பின்னால் உள்ள மூன்று உயரமான ஜன்னல்களை ரிக்டர் அன்பளிப்பாக வடிவமைத்தார். 2020 செப்டம்பரில் அவை திறக்கப்பட்டன. இந்தத் தடவை குலுக்கல் இல்லை. தம் பழைய அருவ ஓவியம் ஒன்றைச் செங்குத்தாக வெட்டி வெட்டி, ஒவ்வொரு துண்டையும் கண்ணாடிப் பிம்பமாக மடித்து மடித்து உருவாக்கிய கோலங்கள். இரண்டு பக்கமும் ஒத்துப்போவதால் கண் சும்மா இருப்பதில்லை. முகம், இறக்கை, மிருகம் என்று தானாகத் தேடிக் கண்டுபிடிக்கிறது. கொலோனில் ‘1’ஐ அழித்தவர், இங்கே பார்ப்பவர் உருவம் காண்பதைத் தடுக்கவில்லை. வயதின் கனிவாக இருக்கலாம். தம்முடைய கடைசிப் பெரிய படைப்பு இது என்று அறிவித்துவிட்டார்.

அதே ஆலயத்தின் மற்ற ஜன்னல்களில் இயேசுவும் புனிதர்களும் நிறைந்திருக்கிறார்கள். கர்தினால் விரும்பிய வகை உருவங்கள் அங்கே உண்டு. அவற்றை வரைந்தவர் மஹ்பூபா மக்சூதி; ஆப்கானிஸ்தானின் ஹெராத்தில் இஸ்லாமியக் குடும்பத்தில் பிறந்து, முனிச்சில் வாழும் ஓவியர்.

மெய்ஸ்னர் இதைப் பார்க்க இல்லை. 2017 ஜூலை 5-ல் காலமானார். பத்து நாள் கழித்து கொலோன் பேராலயத்தின் நிலவறையில், முந்தைய பேராயர்களின் வரிசையில் அடக்கம் செய்யப்பட்டார். ஜன்னல் அவருக்கு மேலே, தெற்குச் சுவரில், அப்படியே இருக்கிறது. கொலோனுக்குப் போகிறவர்கள் வெயில் நாளில் நண்பகலுக்குப் போவது நல்லது.